உதடு ஒட்டும் எழுத்து

திரும்பித் திரும்பிப் பார்க்காதே அம்மா. அந்த பஸ் டிவியில் பேசுகிறவள் நான்தான். ஆள் இல்லை, குரல். அந்தப் பெண்ணுக்குப் பஞ்சாப் பக்கம். தமிழில் அவளுக்குத் தெரிந்தது வணக்கமும் சாப்பாடும்தான். இப்போது மழையில் ஓடிவந்து, "உங்கள நம்பித்தான் வந்திருக்கேன்" என்று சொல்லப்போகிறாள், பார். சொன்னாளா? அது நான். அன்றைக்கு எனக்குச் சளி. அழுகை அப்படியே வந்திருக்கிறது என்று எல்லோரும் பாராட்டினார்கள்.

நீ உளுந்தூர்ப்பேட்டையா? நான் விருத்தாசலம் வரை. ஜன்னலை நீயே வைத்துக்கொள், எனக்குக் காற்று ஆகாது. தொண்டை.

என் பேச்சு புத்தகம் படிக்கிற மாதிரி இருக்கிறதா? சிரித்தாயே. பிரதீபாவும் அதைத்தான் சொல்வாள். பிரதீபா என் மகள். "வீட்டுல யாரும்மா 'இருக்கிறது'ன்னு பேசுவாங்க, இருக்குன்னு சொல்லு" என்பாள். ராஜா ராணிப் படங்களாகப் பேசிப் பேசி நாக்கு இப்படிப் படிந்துவிட்டது. அவளுக்கு அப்படி இல்லை. ஆனால் குரல் மட்டும் அச்சு அசல் என் குரல். கம்பெனியிலிருந்து போன் செய்கிறவர்கள் அவளிடமே கால்ஷீட் பேசி முடித்துவிடுவார்கள். அவளும் நான் பேசுகிற மாதிரியே பேசி, "சரி சார், வந்துடறேன் சார்" என்று வைத்துவிட்டு என்னிடம் வந்து சொல்வாள்.

இப்போது போனில் பேசினாயே, அம்மாவிடமா? நினைத்தேன். கடைசியில் 'வெச்சிடறேன்' என்றாய். புதிதாக இப்படி ஒரு வார்த்தை வந்திருக்கிறது. போகிறதும் இல்லை, வருகிறதும் இல்லை, வைத்துவிடுவது. தப்பாகச் சொல்லவில்லை. வார்த்தையைக் கவனிப்பது எனக்குத் தொழில்.

'தாழங்கரை' படம் பார்த்தாயா? ஓடிக்கொண்டிருக்கிறதே. நாவலாவது படித்திருப்பாய். இல்லையா? பரவாயில்லை, உன் அம்மா படித்திருப்பாள், கேட்டுப் பார். அந்தக் காலத்தில் வாரப் பத்திரிகையில் வந்த கதை. கிழித்து வைத்து, தைத்து, வீடு வீடாகப் போகும்.

கதை ஒன்றும் பெரிதில்லை. வெள்ளைக்காரன் காலம், கொள்ளிடக்கரையில் ஒரு ஊர். செண்பகம் என்று ஒரு பெண். சிவகுரு என்று ஒரு பள்ளிக்கூட வாத்தியார். விஷயம் தெரிந்து, அப்பா அவளை வேறு இடத்தில் கட்டிக்கொடுக்கப் படகில் ஏற்றிக் கூட்டிப்போகிறார். துறையில் இவன் நிற்கிறான். அத்தனை பேர் முன்னால் அவனிடம் அவள் என்ன பேச முடியும்? படகு நகரும்போது பொதுவாக, எல்லோருக்கும் சொல்கிற மாதிரி, 'வருகிறேன்' என்கிறாள். அவ்வளவுதான். அதற்குப் பிறகு ஓர் அத்தியாயம் முழுக்க அவன் அந்தத் துறையில் விளக்கேற்றுகிறான். தலை நரைக்கிறது. ஆறு ஒதுங்கிப் போகிறது. பாலம் கட்டுகிறார்கள், படகே கிடையாது. அவன் விளக்கேற்றுகிறான். ஏன்? அவள் வருகிறேன் என்று சொல்லியிருக்கிறாள். வாசல்படி இறங்குகிற யாரும் சொல்வதுதான். போகிறேன் என்று யார் சொல்வார்கள்? அது வழக்கம். அவனுக்கு மட்டும் அது வாக்கு.

செண்பகம் வழக்கத்துக்குச் சொன்னாளா, வாக்காகச் சொன்னாளா என்று என் அம்மாவும் சித்தியும் சண்டை போட்டுக்கொண்டு ஒரு பொங்கல் முழுக்கப் பேசாமல் இருந்திருக்கிறார்கள். அப்படிப்பட்ட சொல்.

அதைப் படமாக எடுக்கிறேன் என்று தினகர் வந்தார். டைரக்டர். சின்ன வயசு, மரியாதையான பிள்ளை. செண்பகத்துக்குப் பம்பாயிலிருந்து இஷிதா என்று ஒரு பெண். அழகில் குறை சொல்ல முடியாது, அந்தக் காலத்துப் புடவைக்கட்டு அவளுக்கு அப்படிப் பொருந்தியது. குரலுக்கு என்னைக் கூப்பிட்டார்கள். இந்த வயதில் கதாநாயகிக்குப் பேச யாரும் கூப்பிடுவதில்லை, மாமியாருக்குத்தான் கூப்பிடுகிறார்கள். தினகர், "பழைய நாவல்க்கா, பழைய குரல்தான் வேணும்" என்றார். எனக்கு வருத்தம் இல்லை. பழைய குரல்தானே.

நான் ஒத்துக்கொண்டதற்குக் காரணம் வேறு. சொல்கிறேன். பிரதீபா என் படம் ஒன்று விடமாட்டாள். எந்த ஊரில் இருந்தாலும், எந்தக் கோபத்தில் இருந்தாலும், நான் பேசின படம் வந்தால் போய்ப் பார்ப்பாள். படம் எப்படி என்பதெல்லாம் அவளுக்கு இல்லை. கண்ணை மூடிக்கொண்டு கேட்பாள். சின்ன வயதிலிருந்து அப்படி. அவள் அப்பா தவறின பிறகு நான் ராத்திரி பகல் ஸ்டூடியோவே கதி என்று கிடந்தேன், அவளுக்கு அம்மா கிடைத்ததே தியேட்டரில்தான். ஆகையால் நான் கணக்குப் போட்டேன். அந்தப் படகுக் காட்சியில் என் குரல் 'வரேன்' என்று சொல்லும். அவள் கேட்பாள். போன் நம்பரை மாற்றிவிட்டவளுக்கு வேறு எப்படிச் சொல்வது?

ஷூட்டிங்கில் நடந்ததை உதவி டைரக்டர் பெண் ஒருத்தி சொல்லித்தான் எனக்குத் தெரியும். சூரியன் விழுகிற நேரத்தில் படகுக் காட்சி. பக்கத்தில் நின்று 'வரேன்' என்று சொல்லிக்கொடுத்திருக்கிறார்கள். இஷிதா விவரமான பெண். வரேன் என்றால் என்ன என்று கேட்டிருக்கிறாள். வருவது என்று சொன்னார்கள். நான் போகத்தானே செய்கிறேன் என்று யோசித்திருக்கிறாள். போவதற்குத் தமிழில் என்ன என்று மேக்கப் போடுகிறவரிடம் கேட்டுத் தெரிந்துகொண்டு, நம் ஆட்கள் தப்பாகச் சொல்லிக்கொடுத்துவிட்டார்கள், சரி செய்துவிடுவோம் என்று, படகு நகர்ந்ததும், கண்ணில் நீர் தளும்ப, 'போறேன்' என்று சொல்லிவிட்டாள். அதுவும் 'போரேன்'. அவளுக்கு ற வராது.

எல்லோரும் அவள் கண்ணையே பார்த்துக்கொண்டிருந்தார்களாம். உதட்டை யார் பார்த்தார்கள்? தெரிந்தபோது சூரியன் இல்லை. படகுக்காரர் கரைக்கு வந்துவிட்டார். தினகர், "விடு, டப்பிங்ல பாத்துக்கலாம்" என்றார்.

சினிமாவில் எதற்கும் அந்த ஒரு பதில்தான். காக்கை கத்தினால் டப்பிங்கில் பார்த்துக்கொள்ளலாம். கதாநாயகன் வசனத்தை மறந்துவிட்டு ஒன்று இரண்டு மூன்று என்று எண்ணினால் டப்பிங்கில் பார்த்துக்கொள்ளலாம். எல்லாக் குப்பையும் எங்கள் அறைக்கு வந்து சேரும். நாங்களும் பார்த்துக்கொள்வோம். ஆனால் இதில் ஒரு சிக்கல். எங்கள் தொழிலில் ப, ம இரண்டும் எமன். உதடு ஒட்டும் எழுத்து. திரையில் உதடு ஒட்டினால் நானும் ஒட்டுகிற எழுத்தைத்தான் போட வேண்டும், இல்லாவிட்டால் குரல் தனியாக, ஆள் தனியாகத் தெரியும். வ அப்படி இல்லை. மேல்பல் கீழுதட்டில் படும், உதடு ஒட்டாது. நீயே சொல்லிப் பார். போ. வா. தெரிகிறதா?

திரை முழுக்க அவள் முகம். உதடு ஒட்டிப் பிரிகிறது. அதில் நான் வரேன் என்று சொல்ல வேண்டும். எனக்கு அது பெரிய வேலை இல்லை. ஓர் இழை முன்னால் எடுத்து, மூச்சோடு விட்டால் உட்கார்ந்துவிடும். எத்தனை தெலுங்கு உதட்டில் தமிழை உட்கார வைத்திருக்கிறேன்.

படம் முழுக்கப் பேசி முடித்துவிட்டு அந்த ஒன்றைக் கடைசிக்கு வைத்திருந்தார்கள். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் பாக்கியநாதன். சவுண்ட் என்ஜினியர், என்னோடு வேலை பார்த்தே அவருக்கு வழுக்கை விழுந்தது. காதில் ஹெட்போன். ஷூட்டிங்கில் பதிவான சத்தத்தை முதலில் காதில் விடுவார்கள். தண்ணீர்ச் சத்தம், துடுப்பு, அப்புறம் அவள் குரல். போரேன். திரும்ப ஓடும். தண்ணீர், துடுப்பு, போரேன். நான் சொன்னேன், வரேன். பாக்கியநாதன், "அக்கா, இன்னொண்ணு போலாம்" என்றார். சொன்னேன். இன்னொன்று என்றார். இப்படியே போயிற்று. கடைசியில் மைக்கில் மெதுவாக, "அக்கா, நீங்க போறேன்னு சொல்றீங்க" என்றார்.

விளையாடுகிறார் என்று நினைத்தேன். போட்டுக் காட்டுங்கள் என்றேன். போட்டார்.

போறேன்.

ற சுத்தமாக இருந்தது. இஷிதாவுக்கு அந்த ற வராது. நான், அவள் குரலைப் போடுகிறீர்கள் என்றேன். அது அணைத்திருக்கிறது என்று என்னை உள்ளே கூப்பிட்டுக் காட்டினார். அணைத்துத்தான் இருந்தது. மறுபடி போட்டார். நான் நின்றுகொண்டே கேட்டேன். என் குரல் எனக்குத் தெரியாதா அம்மா? அது நான் இல்லை. அது பிரதீபா.

அவள் எப்படி அந்த அறைக்குள் வருவாள் என்று கேட்காதே. நானும் கேட்டுக்கொண்டேன். கதவில் சிவப்பு விளக்கு எரிந்துகொண்டிருந்தது. விளக்கு எரிந்தால் யாரும் உள்ளே வரக்கூடாது.

தினகர் வந்தார், கேட்டார். இன்னொரு தடவை போடச் சொன்னார். பிறகு, "இதுவே இருக்கட்டும்க்கா, உதட்டு சிங்க்கும் கரெக்டா இருக்கு" என்று சொன்னார். நான் கெஞ்சினேன். அது நாவலையே கொல்கிறது, போகிறேன் என்று சொல்லிவிட்டுப் போனவளுக்கு ஒருத்தன் எதற்கு ஆயுள் முழுக்க விளக்கேற்ற வேண்டும், அர்த்தமே இல்லை என்றேன். அவர் என் முகத்தைப் பார்த்து, "அதான்க்கா அர்த்தம்" என்றார். படித்த பிள்ளைகள் இப்படித்தான் பேசும்.

படம் வந்தது. யாராவது தப்பு என்று சொல்வார்கள் என்று பார்த்தேன். நாவல் படித்த பெரியவர்கள் சிலர் திட்டினார்கள்தான். மற்றவர்கள் அந்த ஒரு சொல்லுக்காகப் படத்தைத் தூக்கி வைத்துக்கொண்டார்கள். ஒரே சொல்லில் கதையைப் புரட்டிப் போட்டுவிட்டார் என்று தினகருக்கு மாலை. எனக்கும் வாழ்த்துச் சொல்லி போன் வந்தது. அந்தக் குரலில் என்ன ஒரு முடிவு என்று ஒருவர் சொன்னார். என்ன முடிவு? நான் எதையும் முடிக்கவில்லையே.

பிரதீபா விஷயத்தை நீ தப்பாக எடுத்துக்கொள்ளக்கூடாது. நான் சாதி பார்க்கிறவள் இல்லை. சினிமாவில் இருக்கிறவளுக்கு அதெல்லாம் ஏது? அந்தப் பையன், அன்பழகன் என்று பெயர், ஒருநாள் வீட்டுக்கு வந்தான். விருத்தாசலம் என்றான். எந்தத் தெரு என்று கேட்டேன். பேச்சுக்குக் கேட்பதுதானே? அவன் சிரித்துக்கொண்டு, "நீங்க நெனைக்கிற தெரு இல்லைங்க" என்றான். நான் ஒன்றுமே நினைக்கவில்லை. டீ கொடுத்தேன். பேப்பர் கப்பில் கொடுத்தேன், அன்றைக்குப் பாத்திரம் எல்லாம் கழுவப் போட்டிருந்தது. பிரதீபா எழுந்துபோய் அவளும் ஒரு பேப்பர் கப் எடுத்து வந்து அதில் குடித்தாள். வீட்டுப் பெண்ணுக்கு எதற்கு அது என்று கேட்டேன். குடித்து முடித்து, கப்பை அவன் கப்புக்குப் பக்கத்தில் வைத்தாள். அவளுக்கு அப்படி ஓர் அழுத்தம் உண்டு.

அவன் போன பிறகு அவள்தான் பேசிக்கொண்டே போனாள். "இத்தன படத்துல வீட்ட விட்டு ஓடிவரச் சொல்லிக் குடுத்தது உன் குரல்தானேம்மா" என்றாள். அது வசனம் என்றேன். "எனக்கு உன் குரல்ல வேற எதுவும் தெரியாது" என்றாள். நான் சொன்னது ஒரே எழுத்து. போ என்றேன். போ என்றால் போ என்றா அர்த்தம்? போய்ப் படு, போய் முகம் கழுவு, அதில் பாதி. செல்லமாகப் போடி என்று சொல்வதில்லையா? தமிழ் தெரிந்தவளுக்கு அது புரிய வேண்டும். அவள் என்ன இஷிதாவா?

காலையில் நான் சட்னி அரைத்துக்கொண்டிருந்தேன். மிக்ஸி ஓடிக்கொண்டிருந்தது. பழைய மிக்ஸி, லாரி ஏறுகிற மாதிரி இரையும். அவள் பையோடு வாசலில் நின்றாள். வேலைக்குப் போகிற பைதான், கொஞ்சம் பெரிது. என்னைப் பார்த்துச் சொன்னாள். மிக்ஸியை நிறுத்தியிருக்கலாம், தேங்காய் பாதியில் இருந்தது. ஆனால் நான் பார்த்தேன். சத்தம் இல்லாமல் உதட்டைப் பார்த்துச் சொல்லைச் சொல்வதுதானே என் பிழைப்பு? வரேன் என்றாள். முதலில் உதட்டை ஒரு தடவை ஒட்டினாள், அப்புறம் சொன்னாள். பேசுவதற்கு முன்னால் உதட்டை ஒட்டிக்கொள்வது அவளுக்குச் சின்ன வயதிலிருந்து பழக்கம். நான் மிக்ஸிக்கு மேலே தலையை ஆட்டினேன். நாங்கள் அப்படிச் சண்டை போட்டுக்கொண்டெல்லாம் பிரியவில்லை.

கீழ்வீட்டு அம்மாள் ஒருத்தி இருக்கிறாள், வாய் நீளம். "படியில எறங்கும்போது 'போறேன் ஆன்ட்டி'ன்னு சொல்லிட்டுத்தான் போனா உங்க பொண்ணு" என்று என்னிடம் சொன்னாள். அவளுக்கு எங்கள் தண்ணீர்த் தொட்டி விஷயத்தில் கோபம். உதட்டைப் பார்த்தவள் நான்.

என்ன கேட்டாய்? ஆமாம், விருத்தாசலத்தில்தான் இருக்கிறாள். எங்கள் மேக்கப் சரஸ்வதி கடைத்தெருவில் பார்த்திருக்கிறாள், இடுப்பில் குழந்தையாம். என்னைப் பற்றிக் கேட்டாளா என்றேன். கேட்டாள் என்று சரஸ்வதி சொன்னாள், கொஞ்சம் யோசித்துவிட்டுச் சொன்னாள். வீட்டுக்குப் போகலாம்தான். எந்தத் தெரு என்று எனக்குத் தெரியாதே. அவன்தான் அன்றைக்குச் சொல்லவில்லையே.

தியேட்டருக்குப் போகிறேன். 'தாழங்கரை' அங்கே ஒரே தியேட்டரில் ஓடுகிறது. நாளைக்கு வேறு படம் மாற்றிவிடுவார்கள். இன்றைக்குப் பகல் காட்சிதான் பெண்கள் வருகிற காட்சி. இத்தனை நாள் பார்க்காமல் இருந்தால் இன்றைக்காவது வருவாள். பார்த்திருந்தாலும் இன்னொரு தடவை வருவாள். கண்ணை மூடிக்கொண்டு கேட்பாள். அதுதான் எனக்குப் பயம். அவள் காதில் என் குரல் போறேன் என்று விழக்கூடாது. பெற்றவள் பெண்ணுக்குச் சொல்கிற சொல்லா அது? அதனால் நான் அங்கே உட்கார்ந்துகொண்டு, அந்த இடம் வரும்போது, திரையில் உதடு ஒட்டுகிறபோது, சத்தமாகச் சொல்லிவிடுவேன். வரேன் என்று. தியேட்டர் முழுக்கக் கேட்கும். மைக் இல்லாமல் பேசிப் பழகின தொண்டை இது. குரலைக் கேட்டால் அவளுக்குத் தெரிந்துவிடும். திரும்பிப் பார்ப்பாள்.

இப்படிப் பார்க்காதே அம்மா. சென்னையில் செய்து பார்த்துவிட்டுத்தான் வருகிறேன். முதல் தடவை முன்சீட்டில் ஒருவர் உஷ் என்றார். இன்னொரு தியேட்டரில் டார்ச் அடித்துக்கொண்டு ஓர் ஆள் வந்தான், நான்தான் அந்தக் குரல் என்றேன், அவன் நம்பவில்லை. போன வாரம் பக்கத்து சீட்டில் ஓர் அம்மாள். வயதானவள், காது சரியில்லை போலிருக்கிறது. நான் சொல்லி முடித்ததும் என் கையைத் தொட்டு, "அதேதானே நீங்களும் சொல்றீங்க, கூடச் சேர்ந்து எதுக்குச் சொல்லணும்?" என்று கேட்டாள். அதே இல்லை, நான் சொன்னது வேறு என்றேன். "இல்லம்மா, போறேன்னுதான் சொன்னீங்க" என்றாள். காது கேட்காதவர்களோடு என்ன வாதம் செய்வது?

இருந்தாலும் மனசு கேட்கவில்லை. நீ சின்னப் பெண், காது நன்றாக இருக்கும். எனக்கு ஓர் உபகாரம் செய். அந்த டிவி சத்தத்தை விட்டுவிடு. என் வாயைப் பார்க்காதே, ஜன்னல் பக்கம் திரும்பிக்கொள். கண்ணை மூடிக்கொண்டால் இன்னும் நல்லது. நான் ஒரே தடவை சொல்கிறேன். என்ன கேட்டது என்று நீ சொல்ல வேண்டும்.

சொல்லிவிட்டேன்.

என்ன கேட்டது?

ஏன் பேசாமல் இருக்கிறாய்? ஜன்னலையே பார்த்தால் எப்படி? சரியாகத்தானே சொன்னேன். பஸ் பள்ளத்தில் இறங்கிற்று, அந்த நேரம் பார்த்து. இன்னொரு தடவை சொல்லட்டுமா? தண்ணீர் குடித்துவிட்டுச் சொல்கிறேன், இரு.

உளுந்தூர்ப்பேட்டை வந்துவிட்டதா? அதற்குள்ளா. பார்த்து எழுந்திரு, பையை மேலே வைத்தாயே, எடுத்துக்கொள். உன் அம்மா காத்திருப்பாள், போனில் மாதிரி வைத்துவிடாமல் நேரில் உட்கார்ந்து பேசு. கண்டக்டர், கொஞ்சம் நிறுத்துங்கள், பெண் இறங்குகிறாள், விசிலை அப்புறம் ஊதலாம். இந்தா அம்மா, இப்படிப் பேசாமல் இறங்கக்கூடாது. இவ்வளவு நேரம் பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறோம். ஒரு வார்த்தை சொல்லிவிட்டு இறங்கு.

என்ன? இந்த ஹாரன் சத்தத்தில் ஒன்றும்...

உதட்டைப் பார்த்தேன் அம்மா. தெரிந்தது. வரேன் என்றுதான் சொன்னாய். தெரிந்தது, தெரிந்தது.